மடியில் வைத்த வெற்றிலைக் கட்டு

அன்றைக்குப் பாண்டீஸ்வரி செருப்பைக் கழற்றாமலே கொடிக்காலுக்குள் இறங்கிவிட்டாள். சோழவந்தான் பக்கம் வெற்றிலைக் கொடிக்காலுக்குள் செருப்போடு யாரும் கால் வைப்பதில்லை. வெளியூர் வியாபாரி வந்தால்கூட வரப்பிலேயே கழற்றிப் போட்டுவிட்டு, வேட்டியைத் தூக்கிப் பிடித்துக்கொண்டுதான் வருவான். பதினாலு வருசமாக இங்கே இலை அடுக்குகிறவளுக்கு, ஈரத்துக்குள் நாலு எட்டு வைத்த பிறகும் அது உறைக்கவில்லை.

"ஆத்தா, காலு" என்றார் பேயாண்டி. அகத்தி மரத்தில் சாத்திய ஏணி மேல் நின்று கொடியைக் கட்டிக்கொண்டிருந்தார். அவளுடைய மாமனார்.

அவள் நாக்கைக் கடித்துக்கொண்டு திரும்பிப் போய்க் கழற்றிவிட்டு வந்தாள். கையில் இன்னும் போன் இருந்தது.

"யாரு போன்ல?"

"வக்கீலு, மாமா. புதன்கிழமை சாட்சி வச்சிருக்காகளாம். நான்தேன் ஏறிச் சொல்லணுமாம். உங்களையும் கையோட கூட்டியாரச் சொன்னாரு."

"நான் எதுக்கு?"

"நீங்களும் கேஸ்ல இருக்கீகள்ல. நான், எம்மக ஜெனகா, நீங்க. மூணு பேரும்தான நஷ்டஈடு கேட்டு மனு குடுத்துருக்கோம்."

ஆடிக் காற்று அகத்தியைப் பிடித்து உலுக்கிக்கொண்டிருந்தது. காற்றடிக்கிற மாசத்தில் கொடியை இறுக்கிக் கட்டாவிட்டால் இலையோடு இலை உரசிக் கருத்துப்போகும். பேயாண்டி கட்டுக் கோரையை வாயில் கவ்விக்கொண்டு அடுத்த கொடிக்கு ஏணியை நகர்த்தினார்.

வரப்போரத்துப் பந்தல் நிழலில் நாலைந்து பெண்கள் இலை அடுக்கிக்கொண்டிருந்தார்கள். கிள்ளிப்போட்ட இலையைத் தரம் பார்த்து, காம்பு ஒரு பக்கமாக நூறு நூறாக அடுக்கினால் அது ஒரு கவுளி. பாண்டீஸ்வரி அவர்களோடு போய் உட்கார்ந்தாள். காற்றில் அவர்களுக்குப் பேச்சு நன்றாகவே கேட்டிருக்கிறது.

"என்னடி பாண்டி, கோர்ட்டுல கூப்புட்டாச்சாக்கும்?" என்றாள் விருமாயி. "காசு கைக்கு வந்ததும் எங்களையெல்லாம் யாருன்னு கேட்டுறாத."

"உன்னைய மறக்க முடியுமாக்கா. என் கவுளியில நாலு இலை உருவி உன் கவுளியில சொருகுறவளாச்சே நீ."

எல்லாரும் சிரித்தார்கள். விருமாயியும் சிரித்தாள். சிரித்து முடித்துவிட்டு, குரலை இறக்கிக்கொண்டு கேட்டாள். "ஏண்டி, நெசமாவே குடுத்துருவானுகளா? என் கொழுந்தன் சம்சாரம் ஏழு வருசமா அலையுறா. இன்னும் தேதி குடுத்துக்கிட்டே இருக்காக."

"தெரியலக்கா. சிவபாண்டி மேலதான் தப்புன்னு எதிர்பார்ட்டி சொல்லுதாம்."

புருசன் பேரை வாய்விட்டுச் சொன்னதை அவளே அப்போதுதான் கவனித்தாள். அவன் இருந்தவரை அவள் அப்படிச் சொன்னதில்லை. மனுவிலும் வக்கீல் வீட்டிலும் திரும்பத் திரும்பச் சொல்லி நாக்குக்குப் பழகிவிட்டது.

*

இரண்டரை வருசத்துக்கு முந்தின தை மாசம். பெரிய முகூர்த்த நாள். அந்த மாதிரி நாளில் இலைக்கு இருக்கிற கிராக்கிக்கு, விடியுமுன் மதுரைக் கமிசன் கடைக்குக் கொண்டுபோனால்தான் நல்ல விலை. சிவபாண்டி நாற்பது கவுளியை வாழை மட்டையில் பொதிந்து, ஈரச் சாக்கு சுற்றி வைத்திருந்தான். பாண்டீஸ்வரியின் தம்பி அழகுபாண்டி அப்போது அலங்காநல்லூரிலிருந்து வந்து பத்து நாளாக அக்கா வீட்டில் கிடந்தான். கத்தாருக்கு விசா வரவேண்டியிருந்தது. மெடிக்கல் முடிந்து, டிக்கெட் போடுகிற நிலையில் காத்திருந்தான்.

"மச்சான், நானும் வாரேன். சும்மா கெடந்து என்ன செய்ய?" என்று சிவபாண்டியின் பைக்கில் கூடவே கிளம்பிப் போனான்.

தேனூரைத் தாண்டி ரோட்டோரத்தில் ஒரு டிராக்டர் டிரெய்லர் வைக்கோல் ஏற்றி நின்றிருக்கிறது. பின்னால் விளக்கு இல்லை. சிவப்பு ஸ்டிக்கர் இல்லை. ஒரு கல்கூட எடுத்து வைக்கவில்லை. தை மாசப் பனியும் வைக்கோலும் ஒரே நிறம். வண்டி நேராக அதற்குள் போயிற்று. அழகுபாண்டிக்கு இடது தோளில் காறை எலும்பு முறிந்தது. சிவபாண்டிக்குத் தலையில் அடி. பெரியாஸ்பத்திரிக்குக் கொண்டுபோன அரைமணியில் எல்லாம் முடிந்துவிட்டது.

பாண்டீஸ்வரி அங்கே போய்ச் சேர்ந்தபோது அவளுடைய அம்மா முத்துத்தாய் முன்னாலேயே வந்திருந்தாள். கட்டிப்பிடித்து அழுதாள். அழுதுகொண்டே காதுக்குள் சொன்னாள். "ஏத்தா, இங்க கேளு. போலீசு வந்து கேப்பாக. ஓட்டுனது மாப்ளன்னு சொல்லிரு. உந்தம்பியும் அப்படித்தேன் சொல்லிருக்கான். அவனுக்கு லைசென்சு இல்ல. கேஸு ஏறிருச்சுன்னா விசா போச்சு. போனவரை இனிமே யாரும் ஒண்ணும் செய்ய மாட்டாக. இருக்கறவன் உள்ள போயிறக் கூடாதுத்தா."

அந்த நேரத்தில் அவளுக்கு எதுவும் புரியவில்லை. போலீஸ்காரர் வந்து, "வண்டி உங்க வீட்டுக்காரர் பேர்லயா? ஓட்டுனதும் அவருதான?" என்று கேட்டபோது தலையாட்டினாள். அவ்வளவுதான். அந்தத் தலையாட்டலை எழுதிக்கொண்டு போனார்கள்.

மூன்று மாசத்தில் அழகுபாண்டி கத்தாருக்குப் போய்விட்டான். ஏசிக் குழாய் மாட்டுகிற வேலை. மாசாமாசம் அக்காவுக்கு அனுப்புவதை ஒரு தடவைகூடத் தவறவிட்டதில்லை. ஜெனகாவின் பள்ளிக்கூடம், இந்தக் கொடிக்கால் குத்தகை எல்லாம் அதில்தான் ஓடியது.

போலீஸ் பேப்பரை அவள் படித்ததே இல்லை. படித்தவள் ஜெனகா. போன மாசம் வக்கீல் ஆபீசிலிருந்து கொண்டுவந்த பேப்பர்க் கட்டை, ஏழாம் வகுப்புப் படிக்கிற பிள்ளை தமிழ்ப் பாடம் போல உரக்கப் படித்தது. "இறந்துபோன சிவபாண்டி என்பவர் தனது இருசக்கர வாகனத்தை அஜாக்கிரதையாகவும் அதிவேகமாகவும் ஓட்டிச் சென்று..." அதோடு நிறுத்திவிட்டு நிமிர்ந்து பார்த்தது.

"எம்மா, அப்பா மேல கேஸா?"

"அப்பா செத்துப்போனதால விட்டுட்டாக பாப்பா."

"விட்டுட்டாகன்னா? அப்ப தப்பு அப்பா மேலதானா?"

பேயாண்டி வாசலில் உட்கார்ந்து சாப்பிட்டுக்கொண்டிருந்தார். அப்படியே மிச்சச் சோற்றில் தண்ணீரை ஊற்றிவிட்டு எழுந்துபோனார். மாமா மனசு நோகிறது என்று பாண்டீஸ்வரி நினைத்தாள். மகனே தன் சாவைத் தேடிக்கொண்டான் என்று கேட்கிற எந்தத் தகப்பனுக்குத்தான் தொண்டையில் சோறு இறங்கும்? அவருக்கு நடந்தது தெரியாது. தெரியவந்தால், தன் தம்பியைக் காப்பாற்ற அவர் மகன் மேல் பழியைத் தூக்கி வைத்தவள் என்று இந்த வீட்டில் ஒருநாள் இருக்க முடியுமா? அந்தப் பயம் இரண்டரை வருசமாக அவள் கூடவே படுத்து எழுந்துகொண்டிருந்தது.

*

செவ்வாய்க்கிழமை மத்தியானம் முத்துத்தாய் அலங்காநல்லூரிலிருந்து பஸ் ஏறி வந்து இறங்கினாள். ஒயர்கூடையில் பாதி பூசணியும் ஒரு பொட்டலம் கருவாடும் இருந்தன. மகளுக்குச் சாட்சி என்று தெரிந்துதான் வந்திருக்கிறாள். ஆனால் பூசணிக்காயைப் பற்றித்தான் முதலில் பேசினாள்.

"நம்ம வேலியில காச்சது. ரெண்டா அறுத்து ஒண்ணை உங்க சித்திக்குக் குடுத்தேன். பிஞ்சா இருக்கு, தோலோட போடு."

கருவாட்டுக் குழம்பு கொதித்துக்கொண்டிருந்தபோது அடுப்படியில் ஒட்டி உட்கார்ந்தாள்.

"நாளைக்கு என்னத்தா சொல்லப்போற?"

"கேக்கறதுக்குப் பதில் சொல்லுவேன்."

"அதான் என்ன பதிலுன்னு கேக்கேன்."

"உனக்குத் தெரியாதாக்கும்? மனுவுல எழுதியிருக்கறதுதான். இவுக மெதுவாத்தேன் ஓட்டிட்டுப் போனாக, டிரெய்லர்ல வெளிச்சம் இல்ல, அதனால முட்டிருச்சுன்னு."

முத்துத்தாய்க்கு மூச்சு வந்தது. "அதுல மாறிறாத. அவன் அங்க ஒத்தையில கெடக்கான். போன வாரம் பேசுறப்ப ஒரே அழுக. அங்க தங்குறதுக்கு என்னமோ கார்டு புதுசு பண்ணணுமாம். கேஸு கீஸுன்னு வந்தா ஏர்போர்ட்டுலயே புடிச்சுக்கிருவாகளாம்ல?"

"யாரு சொன்னா?"

"ரூம்ல ஒரு பய சொன்னானாம்."

"ரூம்ல இருக்கறவன்தான் ஜட்ஜாக்கும்?"

"நீ நக்கலு பண்ணு. பெத்த வயித்துக்குத்தேன் தெரியும்."

"எனக்கும் ஒரு பிள்ளை இருக்கும்மா." பாண்டீஸ்வரி கரண்டியைக் கீழே வைத்தாள். "அவ பள்ளிக்கூடத்துல ஹெல்மெட்டு பத்திப் பேசச் சொன்னாகளாம். இவ எந்திரிச்சு, எங்கப்பா வேகமாப் போயிச் செத்துப்போனாரு, யாரும் அப்படிப் போகாதீங்கன்னு பேசிட்டு வந்துருக்கா. டீச்சரு கை தட்டுனாகளாம். எங்கிட்ட வந்து சந்தோசமாச் சொல்றா. நான் என்னத்தச் சொல்ல?"

முத்துத்தாய் முந்தானையை வாயில் வைத்துக்கொண்டாள். "வளந்தா புரிஞ்சுக்கிருவா" என்றாள்.

"என்னன்னு புரிஞ்சுக்கிருவா?"

வாசலில் செருமல் கேட்டது. பேயாண்டி கொடிக்காலிலிருந்து வந்துவிட்டார். முத்துத்தாய் அவசரமாக எழுந்து நின்றாள்.

"வாங்கண்ணே."

"வா தங்கச்சி. எப்ப வந்த? மழை கிழை உண்டா அங்கிட்டு?"

"எங்கண்ணே, வெறுங்காத்துத்தேன்."

"மாப்ள எப்படி இருக்காரு? அழகு?"

"இருக்கான்."

"கைவலி எப்படின்னு கேட்டியா? காறை எலும்பு ஒட்டுனாலும் பாரம் தூக்குனா வலிக்குமே. அங்க ஏசி மிசினெல்லாம் தூக்கிக் கட்டணுமாம்ல."

முத்துத்தாய் ஒயர்கூடையை ஓரமாக நகர்த்தி வைத்தாள். "பரவால்லண்ணே" என்றாள். பேயாண்டி கைகால் கழுவிக்கொண்டு, கருவாட்டு வாசனையை மோந்து, "சம்பந்தி வந்தாத்தேன் நமக்குக் கருவாடு" என்று சொல்லிவிட்டு உட்கார்ந்தார். அன்று அவர் இரண்டு தடவை சோறு வாங்கிச் சாப்பிட்டார். முத்துத்தாய் கடைசிப் பஸ்ஸுக்கு நிற்காமல் வெயில் தாழ்வதற்குள் போய்விட்டாள்.

அம்மா போன பிறகு பாண்டீஸ்வரி தம்பிக்கு வாட்சப்பில் பேசி அனுப்பினாள். எழுதி அனுப்ப அவளுக்கு வராது. அவனுக்கும் நேரம் இல்லை. இரண்டு பேரும் பேசித்தான் அனுப்பிக்கொள்வார்கள்.

"அழகு, நாளைக்குச் சாட்சிடா. எனக்கு நெஞ்செல்லாம் படபடன்னு இருக்கு. பொய்யைச் சத்தியம் பண்ணிச் சொல்லணும். நீ என்ன சொல்ற?"

அரைமணி கழித்துப் பதில் வந்தது. எட்டுப் பேர் தங்குகிற ரூமில் பேச முடியாது. மாடிப்படியில் நின்று பேசியிருக்கிறான். குரல் எதிரொலித்தது.

"அக்கா, நீ உண்மையவே சொல்லிருக்கா. எனக்கு ஒண்ணும் இல்ல. அந்தப் பனியில எனக்குத் தெரியவே இல்லக்கா, சத்தியமாத் தெரியல. மச்சான்தான் டேய் டேய்னு கத்துனாரு. நான் தெனமும் அதைக் கேக்கேன்க்கா. நீ சொல்லிரு. எனக்கு என்ன வந்தாலும் பாத்துக்கறேன்."

அவள் அதை இரண்டாம் தடவை கேட்கப் போவதற்குள் அடுத்தது வந்தது.

"அக்கா, வேணாம்க்கா. இப்ப வேணாம். எனக்குப் பயமா இருக்கு. கார்டு முடிய இருபது நாள்தான் இருக்கு. ஏதாச்சும் ஆச்சுன்னா உனக்கு யாருக்கா பாப்பாவுக்குப் பீஸு கட்டுவா?"

முதலில் அனுப்பியதைப் போய்ப் பார்த்தாள். இருந்த இடத்தில் 'இந்தச் செய்தி நீக்கப்பட்டது' என்று மட்டும் கிடந்தது.

சரி, மனுவில் இருக்கிறபடியே சொல்லிவிடுவோம் என்று அப்போது முடிவு செய்தாள். முடிவு செய்ததும் ஒரு ஆறுதல்கூட வந்தது.

*

வக்கீல் யூனுஸ் முனிச்சாலையில் இருக்கிறவர். நல்ல மனுசன், கோபக்காரர். கோர்ட்டு வாசலில் நின்றுகொண்டு இரண்டு வாய் டீயில் எல்லாவற்றையும் சொல்லிக் கொடுத்தார்.

"இங்க பாருங்கம்மா. டிராக்டர் இன்சூரன்ஸ் தரப்புல ஒரு மேடம் வருவாங்க. சத்தம் போட மாட்டாங்க, அம்மா தாயேன்னுதான் கேப்பாங்க. அதுல ஏமாந்துறாதீங்க. அவங்க என்ன நிரூபிக்கணும்? ஓட்டுன உங்க வீட்டுக்காரர் மேலதான் தப்புன்னு. அதை மட்டும் ஒத்துக்கிட்டீங்கன்னா கதை முடிஞ்சிரும். 'அவர் அஜாக்கிரதையா ஓட்டினார்னு சொல்றேன், சரிதானே'ன்னு கேட்டா, 'சரியல்ல'. அம்புட்டுதான். வேற ஒண்ணும் பேசாதீங்க. தெரியாதா, தெரியாது. இன்ஷா அல்லா முடிச்சிருவோம்."

"சரிங்க."

"அய்யா, நீங்க வெளிய உக்காருங்க. கூப்பிட்டா வந்தா போதும்."

பேயாண்டி வெள்ளை வேட்டியும் மகன் சட்டையும் போட்டு வந்திருந்தார். வேப்பமரத்தடி சிமெண்டு பெஞ்சில் மஞ்சள் பையை மடியில் வைத்து உட்கார்ந்தார்.

உள்ளே மின்விசிறிச் சத்தமும் தட்டச்சுச் சத்தமும்தான் இருந்தன. பாண்டீஸ்வரி கூண்டில் ஏறிச் சொல்வதெல்லாம் உண்மை என்று சொன்னாள். அந்த மேடம் எழுந்தார். யூனுஸ் சொன்னது போலவே, பக்கத்து வீட்டுக்காரி பேசுவது போலப் பேசினார்.

"உங்க கணவர் வெத்தலை வியாபாரமாம்மா?"

"வியாபாரம் இல்லங்க. கொடிக்கால் குத்தகை. இலையக் கமிசன் கடையில கொண்டுபோயிப் போடுவாரு."

"அன்னைக்கு எத்தனை கவுளி?"

"நாப்பதுங்க."

"நாலாயிரம் இலை." மேடம் ஒரு போட்டோவை எடுத்து நீட்டினார். "இது சம்பவ இடத்துல எடுத்தது. பாருங்க."

பாண்டீஸ்வரி அதுவரை அதைப் பார்த்ததில்லை. தார் ரோடு. வைக்கோல். ரோடு நிறைய வெற்றிலை. அவள் அடுக்கிய இலை. முதல்நாள் பொழுதுக்கும் உட்கார்ந்து, காம்பு ஒரு பக்கமாக, கிழிசல் ஒன்றுகூட உள்ளே போகாமல் அடுக்கியது. பனி ஈரத்தில் பளபளவென்று கிடந்தது.

"இவ்வளவு பெரிய லோடை வண்டிக்குப் பின்னாடி கயித்துல கட்டி, அதுக்கு மேல உங்க தம்பியையும் ஏத்திக்கிட்டு, பேலன்ஸ் இல்லாம வேகமாப் போய், நின்ன வண்டியில மோதினார்னு சொல்றேன். சரிதானேம்மா?"

"சரியில்லைங்க. பின்னாடி கட்டலைங்க."

யூனுஸ் நிமிர்ந்து பார்த்தார்.

"கட்டலையா? நீங்க போய்ப் பாத்தீங்களா?"

"பாக்கணும்னு இல்லைங்க. இலையக் கயித்துல கட்டுனா அழுந்துன இடமெல்லாம் கன்னிப்போயிருங்க. கடையில தள்ளிருவாக. அவரு ஒருநாளும் கட்ட மாட்டாரு."

"அப்ப எங்க வச்சிருந்தார்?"

"மடியில."

"யார் மடியில?"

தம்பி மடியில் என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும். அது அவளுக்கு நன்றாகவே தெரிந்தது. வார்த்தை நாக்கு வரைக்கும் வந்தது. ஆனால் சிவபாண்டி இலைக் கட்டை இன்னொருத்தர் கையில் கொடுத்து அவள் பார்த்ததே இல்லை. கட்டின மனைவி கையில்கூடக் கொடுக்க மாட்டான். "நீ பேச்சு சுவாரசியத்துல அமுக்கிப்புடுவ" என்பான். பஸ்ஸில் போனால் மடியில், மினிவேனில் போனால் மடியில், பைக் என்றால் யாரையாவது ஓட்டச் சொல்லிப் பின்னால் உட்கார்ந்து மடியில். கைப்பிள்ளையைப் பிடிக்கிற மாதிரி இரண்டு கையாலும் அணைத்துக்கொண்டு போகிறவனை ஊரே கேலி பேசும். ஜெனகா பிறந்தபோது ஆஸ்பத்திரியிலிருந்து அவளை அப்படித்தான் தூக்கிவந்தான்.

"அவரு மடியிலதாங்க."

"சரி. மடியில இவ்வளவு பெரிய கட்டை வச்சுக்கிட்டு அவர் எப்படிம்மா ஹேண்டில் பாரைப் பிடிச்சு ஓட்ட முடியும்?"

தட்டச்சு நின்றது.

"அவரு ஓட்டலைங்க" என்றாள் பாண்டீஸ்வரி. "எந்தம்பி ஓட்டுனான்."

நீதிபதி எழுதுவதை விட்டுவிட்டு அவளைப் பார்த்தார். "அம்மா, யோசிச்சுச் சொல்லுங்க. மனுவுல உங்க கணவர் ஓட்டினதா இருக்கு. போலீஸ் ரிப்போர்ட்லயும் அப்படித்தான் இருக்கு."

"நாங்கதான் அப்படிச் சொன்னோமுங்க. தம்பி வெளிநாடு போகணும்னு. அவரு வேகமாப் போகலைங்க. இலை மடியில இருக்கறப்ப அவரு வண்டியத் தொட மாட்டாரு. எங்கூர்ல யாரக் கேட்டாலும் சொல்லுவாக. அவரு பின்னாடிதாங்க இருந்தாரு. அவரு மேல ஒரு தப்பும் இல்லைங்க."

அழுகை வரவில்லை. கையில் இருந்த போட்டோவை நீட்டினாள். மேடம் மெதுவாக வந்து அதை வாங்கிக்கொண்டார்.

*

"யா அல்லா!" என்றார் யூனுஸ் வராந்தாவில். தலையில் கை வைத்துக்கொண்டார். "எங்கிட்ட ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமுல்லம்மா? டாக்டர்கிட்டயும் வக்கீல்கிட்டயும் மறைச்சா நாங்க என்னத்தப் பாக்க? கேஸையே தலைகீழா ஆக்கிட்டீங்களே!"

"மன்னிச்சிருங்க சார். கேஸு போச்சுங்களா?"

அவர் நாலு எட்டு போய்விட்டுத் திரும்பி வந்தார். கோபம் கொஞ்சம் இறங்கியிருந்தது.

"போச்சுன்னும் சொல்ல முடியாது. பின்னாடி உக்காந்து வந்தவர்னு நிரூபிச்சுட்டா அவர் மேல ஒரு பைசாத் தப்புக் கெடையாது. இதை நீங்க முதல்லயே சொல்லியிருந்தா நான் ராஜா மாதிரி நடத்தியிருப்பேன். இப்ப நீங்களே போலீஸ்ல ஒண்ணு சொல்லி, இங்க ஒண்ணு சொல்லியிருக்கீங்க. காசுக்காக மாத்திச் சொல்றாங்கன்னு அந்த மேடம் சொல்லும். நீங்களும் நேர்ல பாக்கல. பாத்தவங்க யாராவது வந்து சொன்னாத்தான் நிக்கும். உங்க தம்பி வருவாரா?"

"லீவு ஆறு மாசம் கழிச்சுத்தான். வந்தா அவனைப் புடிப்பாகளா சார்?"

"ரெண்டரை வருசம் ஆச்சு. அந்தக் கேஸை மறுபடி கெளப்புறது லேசு இல்ல. ஆனா நடக்கவே நடக்காதுன்னு நான் பேப்பர்ல எழுதிக் குடுக்க மாட்டேன். பொய் சொல்லி உங்களைத் தேத்த எனக்கு இஷ்டம் இல்ல." கடிகாரத்தைப் பார்த்தார். "மனுவைத் திருத்தணும். வாய்தா வாங்கிட்டு வாரேன். அங்க போயி உக்காருங்க."

வேப்பமரத்தடியில் பேயாண்டி அப்படியே உட்கார்ந்திருந்தார். பை இன்னும் மடியில் இருந்தது. அந்தப் பத்தடி தூரம் நடப்பது அவளுக்குப் பெரும் பாடாக இருந்தது. எதிரில் போய் நின்றாள். பக்கத்தில் உட்காரத் துணியவில்லை.

"மாமா, உங்ககிட்ட ஒண்ணு சொல்லணும். உள்ள சொல்லிட்டேன். வேற யாரும் சொல்லி நீங்க கேக்கக் கூடாது."

"உக்காரு ஆத்தா."

"இல்ல மாமா. அன்னைக்கு வண்டிய..."

"அழகு ஓட்டுனான்" என்றார் பேயாண்டி. "உக்காரு."

அவள் உட்கார்ந்தாள்.

"இலைக் கட்டைத் தூக்கி எம்மகன் மடியில வச்சதே நான்தான. முன்னாடி மாப்ள, பின்னாடி எம்மகன். அய்யா, சாக்கு நுனி சக்கரத்துல படாம இழுத்து விடுங்கன்னான். இழுத்து விட்டேன். வண்டி பாலம் ஏறுற மட்டும் பாத்துக்கிட்டுத்தேன் நின்னேன்."

"அப்ப இம்புட்டு நாளும்..."

"பெரியாஸ்பத்திரியில எம்மகன் ஓட்டுனான்னு சொன்னாக. எனக்குக் காது கேக்குதா இல்லையான்னே தெரியல. உன் மூஞ்சியப் பாத்தேன். நீ தலையாட்டுற."

"வைய வேண்டியதுதான மாமா! அடிக்க வேண்டியதுதான!"

"எதுக்கு? நான் வாயத் தொறந்தா நீ உந்தம்பிக்கும் எனக்கும் நடுவுல நிப்ப. பிள்ளையக் கூட்டிட்டு அலங்காநல்லூருக்குப் போயிருவ. மகனும் போயி நீங்களும் போயிட்டா, நான் யாருகிட்டத்தா சோறு கேக்க?" மூக்கைச் சிந்தித் துடைத்துக்கொண்டார். "நீயாச் சொல்லட்டும்னு இருந்தேன். அன்னைக்குப் பிள்ளை அந்தப் பேப்பரைப் படிச்சப்பத்தேன் எனக்குத் தாங்கல. எம்மகன் இலையக் கையில வச்சுக்கிட்டு வேகமாப் போனான்னு எவன் எழுதுனான்? ஒரு மேட்டுல ஏறி எறங்குனாக்கூட மெல்ல மெல்லங்கிறவன்."

பாண்டீஸ்வரிக்கு அப்போதுதான் அழுகை வந்தது. பேயாண்டி பையைத் துழாவி, வீட்டிலிருந்து கொண்டுவந்த தண்ணீர்ப் பாட்டிலை எடுத்துத் திறந்து கொடுத்தார். அவள் அழுது முடிக்கிற வரைக்கும் மூடியைக் கையிலேயே வைத்திருந்தார்.

"வக்கீலு என்ன சொல்றாரு?"

"நேர்ல பாத்த ஆளு வேணுமாம்."

"அதான் இருக்கேன்ல. சத்தியம் பண்ணிட்டு எங்கிட்டு நிக்கணும்னு மட்டும் சொல்லச் சொல்லு. நிக்கேன்."

போன் அதிர்ந்தது. அழகுபாண்டி. 'அக்கா என்னாச்சு' என்று எழுத்திலேயே அனுப்பியிருந்தான். வேலை இடத்தில் இருக்கிறான் போல. அவள் மைக்கை அழுத்திப் பிடித்தாள். "அழகு..." என்றாள். கையை எடுத்துவிட்டாள்.

"குடு இங்க" என்றார் பேயாண்டி. "எதை அமுக்கணும்?"

அவள் அவருடைய கட்டைவிரலைப் பிடித்து அந்த இடத்தில் வைத்தாள். இலை கிள்ளிக் கிள்ளிக் கறை ஏறிக் கறுத்த விரல். அவர் போனை வாய்க்கு நேராகப் பிடித்துக்கொண்டு, கத்தார் வரைக்கும் கேட்க வேண்டும் என்பதற்காகக் கத்தியே பேசினார். பக்கத்து பெஞ்சில் இருந்தவர்கள் திரும்பிப் பார்த்தார்கள்.

"மாப்ள! பேயாண்டி மாமா பேசுறேன். அக்கா உள்ள எல்லாம் சொல்லிட்டா. நீ பயந்துக்கிட்டுக் கெடக்காத. கட்டைத் தூக்கி வச்சது நான்தேன். நீ வண்டிய மெதுவாத்தேன் எடுத்த. பாலம் ஏறுற மட்டும் நான் பாத்தேன். அந்த வைக்கோல் வண்டிக்காரன் ஒரு விளக்கு வச்சிருந்தா எம்மகன் இருந்துருப்பான், நீயும் அழுதுக்கிட்டு இருக்க மாட்ட. அதை நான் ஏறிச் சொல்றேன். என்ன வந்தாலும் பாத்துக்கிருவோம். நீ நேரத்துக்குச் சாப்புடு. பாரம் தூக்குறப்ப இடது தோளுல தூக்காத."

விரலை எடுத்தார். போயிற்று. கொஞ்ச நேரத்தில் அதன் ஓரத்து இரண்டு டிக்கும் நீலமாகின; அவன் பார்த்துவிட்டான்.

இரண்டு பேரும் போனையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். மேலே, அவன் பேருக்குக் கீழே, 'ஆடியோ பதிவு செய்கிறார்' என்று வந்தது. நின்றது. மறுபடி வந்தது. வராந்தாவிலிருந்து யூனுஸ் கையசைத்து அவர்களைக் கூப்பிட்டார்.

"பேசுறானா?" என்றார் பேயாண்டி.

"பேசுறான் மாமா. இன்னும் முடிக்கல."

"முடிக்கட்டும்" என்று சொல்லிவிட்டு, அவர் வேட்டியை இறுக்கிக் கட்டிக்கொண்டு எழுந்தார்.